தூணுக்கும் நூற்றிருபது

படத்தில் இருபத்தேழாவது நிமிடத்தில் அந்தப் பெண் அலறுவாள். நான் கீழே, மாடிப்படிக்குப் பக்கத்தில் மேசை போட்டு உட்கார்ந்திருப்பேன். அலறல் கேட்டதும் வெள்ளைக் கோட்டின் மேல் பொத்தானை அவிழ்த்துவிட்டு, பிளாஸ்கில் இருக்கும் பிளேன்டீயை ஊற்றிக்கொள்வேன். அதற்குப் பிறகு புதிதாக யாரும் வரமாட்டார்கள். ஒரே அலறலை ஒரே இடத்தில் பத்துத் தடவைக்கு மேல் கேட்டால் பயமும் வருவதில்லை, சிரிப்பும் வருவதில்லை. முழங்கால் வலி மட்டும் வருகிறது.

என் பெயர் மங்கையர்க்கரசி. அப்பா ஆசைப்பட்டு வைத்த பெயர், ஆனால் அதை முழுசாகக் கூப்பிடும் பொறுமை யாருக்கும் இருந்ததில்லை. கொரக்காதெனியத் தோட்டத்துப் பிள்ளைக் காம்பராவில் இருபத்தாறு வருடம் வேலை செய்தேன். ரப்பர் பால் வெட்டப் போகும் தாய்மார்கள் விடியும் முன்னே பிள்ளைகளைக் கொண்டுவந்து என்னிடம் விட்டுவிட்டுப் போவார்கள். குளிப்பாட்டுவது, சோறு ஊட்டுவது, மாதம் ஒரு தடவை மிட்வைப் நோனா வரும்போது பிள்ளைகளைத் தராசில் தூக்கி வைப்பது, ஊசி போடும்போது கையைப் பிடித்துக்கொள்வது எல்லாம் நான்தான். தோட்டம் முழுக்க எனக்கு ஆயாம்மா என்றுதான் பெயர். போன வருடம் வயசு முடிந்துவிட்டது என்று அனுப்பிவிட்டார்கள்.

காளிதாஸ் யட்டியாந்தோட்டை பஜாரில் புடவைக்கடை வைத்திருப்பவரின் மகன். முப்பது வயசு. கடையைப் பார்த்துக்கொள் என்று அப்பா சொன்னால், படம் எடுக்கப் போகிறேன் என்று மோட்டார் சைக்கிளை விற்ற ஆள். படத்தின் பெயர் ‘புகைக் காம்பரா’. ரப்பர் சீட்டுக்குப் புகை போட்டு உலர்த்தும் கட்டடத்தில் அடைபட்டுச் செத்துப்போன ஒரு பெண் பேயாக வருகிறாள். எங்கள் தோட்டத்தில் மூடிக் கிடந்த புகைக் காம்பராவிலேயே எடுத்தார்கள். நடித்த பெண்ணின் முகத்தில் ரப்பர் பாலைப் பூசிக் காயவிட்டு, கமராவுக்கு முன்னால் உரித்தெடுத்தார்கள். தோலே உரிந்து வருகிற மாதிரி இருந்தது. படத்தில் உருப்படியான விஷயம் அது ஒன்றுதான். மற்ற நேரமெல்லாம் ஒரு கதவு திறக்கும், மூடும், மறுபடியும் திறக்கும்.

ஸப்ரி நானாவின் கல்யாண மண்டபத்தை சனி, ஞாயிறு பகலில் வாடகைக்கு எடுத்து, மேல்மாடியில் திரை கட்டினான். முதல் வாரம் ஒன்பது பேர் வந்தார்கள். அதில் இரண்டு பேர் நன்றாகத் தூங்கினார்கள். திங்கட்கிழமை காலையில் காளிதாஸ் என் லயத்து வீட்டுக்கு வந்து வாசலில் குந்திக்கொண்டான். முகம் செத்துப்போயிருந்தது.

“அக்கா, ஆளுங்க படத்துக்கு வரமாட்டாங்க. வேடிக்கைக்குத்தான் வருவாங்க. வாசல்லயே பயங்காட்டிட்டா மேல இருக்கிறத அவங்களே பயந்து பாத்துக்குவாங்க” என்றான்.

அந்தக் காலத்தில் வெளிநாடுகளில் பேய்ப்படம் ஓட்டுகிறவர்கள் தியேட்டர் வாசலில் நர்ஸை உட்கார வைப்பார்களாம், ஆம்புலன்ஸ் நிறுத்துவார்களாம், கையெழுத்து வாங்கிக்கொண்டுதான் உள்ளே விடுவார்களாம். எல்லாவற்றையும் போனில் படித்துவிட்டு வந்திருந்தான். அடுத்த சனிக்கிழமைக்குள் எல்லாம் தயாராகிவிட்டது. மரக்கறி ஏற்றும் ஒரு பழைய வான் வண்டியில் ‘அவசர சிகிச்சை’ என்று தாள் ஒட்டி, தலையில் ஒரு விளக்கு வைத்து அதற்குச் சிவப்புத் தாள் சுற்றினான். ‘பயத்தால் எனக்கு எது நடந்தாலும் நானே பொறுப்பு’ என்று ஒரு படிவம் அடித்தான். பார்ப்பவர்களின் தலைக்கு மேலே குறுக்காக ஒரு கயிறு. பேய் வரும் நேரத்தில் அந்தக் கயிற்றில் ஈர ரப்பர் சீட் ஒன்று ஓடிவந்து பின்கழுத்தில் உரசும். பச்சை ரப்பர் நாற்றம் தெரிந்தவர்களுக்கு அதுவே போதும், எழுந்து ஓடிவிடுவார்கள்.

அந்தக் கயிற்றை இழுப்பது, வானை ஓட்டுவது இரண்டும் வேலுசாமியின் பொறுப்பு. குருவிட்டப் பக்கம் மாணிக்கக் குழியில் வேலை செய்துவிட்டு, குழி மூடியதால் சும்மா இருந்தவன். இங்கே அவன் முகம் யாருக்கும் தெரியாது என்பதால் அவனுக்கு மூன்றாவது வேலையும் இருந்தது. ஒவ்வொரு காட்சிக்கும் வேறு சட்டை போட்டுக்கொண்டு வரிசையில் நிற்பான். அவன் முறை வந்ததும் நான் பிரஷர் பார்த்து, இவருக்கு அதிகம், இவர் இந்தப் படத்தைப் பார்க்கக்கூடாது என்று சத்தமாகச் சொல்ல வேண்டும். அவன் தமிழிலும் சிங்களத்திலும் மாறி மாறி என்னோடு சண்டை போடுவான். நெஞ்சைத் தட்டுவான். கடைசியில் அவனை வெளியே தள்ளுவார்கள். அதைப் பார்த்துவிட்டு உள்ளே போகிற இளவட்டங்கள் என்னவோ போருக்குப் போகிற மாதிரி மாடி ஏறுவார்கள்.

ஆமாம், நான்தான் நர்ஸ். இருபத்தாறு வருடம் மிட்வைப் நோனாவுக்குப் பக்கத்தில் நின்றவள் என்பதால் கை கால் அசைவெல்லாம் எனக்குத் தெரியும் என்று காளிதாஸ் நினைத்தான். சரியாகத்தான் நினைத்தான். பிரஷர் மெஷினை எங்கேயோ பழைய சாமான் கடையில் வாங்கிவந்தான். பட்டியைக் கையில் சுற்றி ரப்பர் உருண்டையை அமுக்கினால் காற்று ஏறும், கையை இறுக்கும். ஆனால் மீட்டரில் முள் நூற்றிருபதில் நின்றபடியே நிற்கும். ஏறாது, இறங்காது. இது உடைஞ்சதாச்சே என்று கேட்டேன். உடைந்திருப்பதுதான் நல்லது, எல்லாருக்கும் நூற்றிருபது எழுதிக் கொடுத்தால் எல்லாரும் படம் பார்க்கலாம் என்றான்.

எழுதிக் கொடுப்பதற்கு ஓர் அட்டை இருந்தது. ஒரு பக்கம் பேயின் உரிந்த முகம். மறுபக்கம் பெயர், பிரஷர், ஒரு முத்திரை. முத்திரையில் ‘தைரியசாலி. பார்க்கலாம்’ என்று இருக்கும். நான் காதில் குழாயை மாட்டிக்கொண்டு, கைக்கடிகாரத்தைப் பார்த்து, எண்ணுகிற மாதிரி உதட்டை அசைத்து, 120/80 என்று எழுதி முத்திரை குத்துவேன். குழாயில் ஒன்றும் கேட்காது.

பொய் சொல்லக்கூடாது. எனக்கு அது பிடித்திருந்தது. வெள்ளைக் கோட்டைப் போட்டுக்கொண்டு உட்கார்ந்ததும் எல்லாரும் என்னை மிஸ்ஸி என்று கூப்பிட்டார்கள். நர்ஸ்மாரைக் கூப்பிடுகிற அதே மிஸ்ஸி. பஜார்க் கடைக்காரர்கள்கூட மிஸ்ஸி என்றார்கள். எங்கள் தோட்டத்து ஆட்கள், நான் யாரென்று நன்றாகத் தெரிந்தவர்கள், அவர்களும் மிஸ்ஸி என்றார்கள். முதல் நாள் கேலிக்குச் சொன்னார்கள். இரண்டாவது நாள் கேலி இல்லாமலே வந்தது. அதை நான் கவனித்தேன், திருத்தவில்லை. பிள்ளைகளின் பீத்துணி அலசியே கை வெளுத்தவளுக்கு அந்த ஆசை கொஞ்சம் இருக்கக்கூடாதா என்று நினைத்துக்கொண்டேன்.

நான் மேசை போட்ட இரண்டாவது வாரம் கூட்டம் ஏறியது. எங்கள் தோட்டத்துப் பெண்கள் வெட்டிய பாலை எடை போட்டுக் கொடுத்துவிட்டு, முகம் கழுவி, நல்ல சேலை கட்டிக்கொண்டு கூட்டமாக வந்தார்கள். பக்கத்துத் தோட்டங்களில் இருந்தும் வந்தார்கள். டிக்கட் எடுத்தார்கள், வரிசையில் நின்றார்கள், கையை நீட்டினார்கள், அட்டையை வாங்கினார்கள். அப்புறம் பாதிப் பேர் மாடி ஏறாமல் அப்படியே பஸ்ஸுக்குத் திரும்பிவிட்டார்கள். பயந்தாங்கொள்ளிகள் என்று நானும் சிரித்தேன். காளிதாஸுக்கோ வாயெல்லாம் பல். பாருங்க, டிக்கட் வாங்கியும் மேலே ஏறப் பயந்து திரும்பிப் போறாங்க என்று மைக்கில் சொல்லி, அதையும் வேடிக்கையாக்கிவிட்டான்.

எனக்குத் தெரிந்திருக்க வேண்டும். எங்கள் தோட்டத்து மருந்துக் காம்பரா எட்டு மாதமாகப் பூட்டிக் கிடக்கிறது. மருந்து கொடுத்த ஐயா ஓய்வு பெற்றுப் போனார், அவருக்குப் பதிலாக யாரும் வரவில்லை. பிரஷர், சீனி வியாதி இருப்பவர்கள் புதன்கிழமை டவுன் கிளினிக்குக்குப் போக வேண்டும். புதன்கிழமை போனால் அன்றைய பேர் விழாது. வேலைக்குப் போன நாளைப் பேர் என்றுதான் எங்கள் பக்கம் சொல்வோம். பேர் விழாவிட்டால் சம்பளம் இல்லை. இதெல்லாம் எனக்கு நன்றாகத் தெரியும். கிளினிக்கையும் என் மேசையையும் ஒன்றாகச் சேர்த்துப் பார்க்க மட்டும் என் புத்திக்குத் தோன்றவில்லை.

மூன்றாவது வாரம் சனிக்கிழமை, மருதாயி வந்து உட்கார்ந்தாள். இரண்டாம் நம்பர் மலையில் பால் வெட்டுகிறவள். நாற்பத்தெட்டு வயசு. அவளுடைய இரண்டு பிள்ளைகளும் என் கையில் வளர்ந்தவர்கள். புருஷன் இரண்டு வருடத்துக்கு முன்னால் பால் நிறுக்கும் இடத்தில் வாளியோடு விழுந்தவன்தான், எழுந்திருக்கவே இல்லை. பிரஷர் என்றார்கள். அவளுக்கும் பிரஷர் இருக்கிறது என்று அப்போதுதான் கண்டுபிடித்து மாத்திரை கொடுத்தார்கள்.

நான் வழக்கம்போல் பட்டியைச் சுற்றி, அமுக்கி, எழுதி, முத்திரையை எடுத்தேன்.

“தேதியும் போட்டுக் குடுங்க மிஸ்ஸி” என்றாள் மருதாயி.

தேதி எதற்கு என்று கேட்டேன். சேலைத் தலைப்பில் முடிந்து வைத்திருந்த சின்னப் பையை அவிழ்த்தாள். அடையாள அட்டையோடு சேர்த்து, பிளாஸ்டிக் உறையில் என்னுடைய இரண்டு அட்டைகள் இருந்தன.

“வரிசையா வச்சிருக்கேன்ல. போன வாரமும் நூத்திருபது, அதுக்கு மொத வாரமும் நூத்திருபது. மாத்திரைய நிப்பாட்டிட்டேன் மிஸ்ஸி. ரெண்டு வாரமாச்சு. இனி புதன்கெழம போயி ஒரு பேர விட வேணாம், சனிக்கெழம இங்கயே பாத்துக்கலாம்னு எங்க லயத்துல எல்லார்கிட்டயும் சொல்லிட்டேன்.”

அவளுக்குப் பின்னால் வரிசையைப் பார்த்தேன். பத்துப் பதினைந்து பெண்கள் நின்றார்கள். எல்லார் கையிலும் பழைய அட்டை இருந்தது. பக்கத்தில் காளிதாஸ் மைக்கில் பேசிக்கொண்டிருந்தான். அந்த நேரத்தில் நான் என்ன செய்தேன் என்று சொல்ல வெட்கமாக இருக்கிறது. தேதியைப் போட்டேன். முத்திரையைக் குத்தினேன். அடுத்தவளைக் கூப்பிட்டேன்.

சாயங்காலம் கதிரைகளை அடுக்கும்போது காளிதாஸிடம் சொன்னேன். நாளையிலிருந்து இந்த மெஷினைத் தொடமாட்டேன், வந்தவர்களிடம் நானே உண்மையைச் சொல்லப்போகிறேன் என்றேன். அவன் கதிரையைக் கீழே வைத்துவிட்டு அதிலேயே உட்கார்ந்துவிட்டான். எம்பிலிப்பிட்டியவில் மண்டபம் வைத்திருக்கும் ஷிஹாப் முதலாளி நாளை மூன்று மணிக் காட்சிக்கு வருகிறாராம். கூட்டத்தைப் பார்த்துவிட்டு, பிடித்தால் அந்தப் பக்கம் முழுக்கப் படத்தை ஓட்டுவாராம்.

“நாளைக்கு ஒரு நாள்தானே அக்கா. வேணும்னா இதெல்லாம் வேடிக்கைக்காக மட்டும்னு அட்டைக்கு அடியில சின்னதா அடிச்சிர்றேன்” என்றான்.

சின்ன எழுத்தை யார் படிப்பார்கள் தம்பி என்று கேட்டேன். காளிதாஸ் கெட்டவன் இல்லை. ஒன்றரை வருடம் கதவைத் திறந்து மூடிப் படம் எடுத்துக் களைத்துப்போனவன். நானும் களைத்துப்போனவள்தான். களைத்துப்போனவர்கள் இரண்டு பேர் சேர்ந்தால் ஒரு தப்பை நிறுத்த யாருக்கும் தெம்பு இருப்பதில்லை என்று அன்றைக்குத் தெரிந்துகொண்டேன்.

ஆனால் மனசு கேட்கவில்லை. ஞாயிற்றுக்கிழமை காலையில் மருதாயியின் லயத்துக்குப் போனேன். பீலிக்கரையில் துணி துவைத்துக்கொண்டிருந்தாள். நெற்றியில் தைலம் தேய்த்திருந்தாள். இரண்டு நாளாகத் தலைவலி, வெயில்தான் என்றாள். நான் எல்லாவற்றையும் சொன்னேன். மெஷின் உடைந்தது, நான் நர்ஸ் இல்லை, அதில் எழுதினது எல்லாம் பொய், இப்போதே மாத்திரையைப் போடு, ஆஸ்பத்திரிக்கு வா என்றேன்.

மருதாயி துணியைப் பிழிந்தபடி சிரித்தாள்.

“அங்க பயங்காட்டுறது பத்தாதுன்னு வீட்டுக்கே வந்துட்டீங்களா மிஸ்ஸி? நேத்து காளிதாஸ் தம்பி மைக்ல சொன்னாருல்ல, நாளைக்குப் புதுசா ஒரு பயங்காட்டல் இருக்குன்னு.”

பக்கத்தில் தண்ணீர் பிடித்துக்கொண்டிருந்த பெண்களும் சிரித்தார்கள். நான் அவள் பிள்ளைகள் மேல் சத்தியம் செய்தேன். அவள் இன்னும் அதிகமாகச் சிரித்தாள். படத்தில்கூட இவ்வளவு நல்லா நடிக்கலையே என்றாள். எங்கள் தோட்டத்தில் யாரும் என்னை நம்பாமல் இருந்ததில்லை. அன்றைக்கு நிஜத்தைச் சொல்லும்போதுதான் முதல் தடவையாக நம்பவில்லை. இது யார் செய்த வேலை என்று யோசித்தால், என் வேலைதான். பகல் காட்சிக்கு வருகிறேன், டிக்கட்டுக்குச் சொல்லி வையுங்கள் என்று என்னை அனுப்பிவிட்டாள்.

மூன்று மணிக் காட்சிக்கு மண்டப வாசல் நிறைந்திருந்தது. ஷிஹாப் முதலாளி முன்னால் கதிரை போட்டு உட்கார்ந்து, எல்லாவற்றையும் சிரித்த முகத்தோடு பார்த்துக்கொண்டிருந்தார். வேலுசாமி அன்றைக்குக் கோடு போட்ட சட்டை. அவன் சண்டையை நன்றாகவே போட்டான். அவனை வெளியே தள்ளியதும் மருதாயி வந்து என் முன்னால் உட்கார்ந்து கையை நீட்டினாள். கண் இரண்டும் சிவந்திருந்தன.

நான் பட்டியை அவள் கையில் சுற்றவில்லை. எழுந்தேன். என் மேசைக்குப் பக்கத்தில் வாசலின் தகரக் கூரையைத் தாங்கி ஒரு இரும்புக் குழாய்த் தூண் நிற்கிறது, ஒரு கை மொத்தம் இருக்கும். பட்டியை அந்தத் தூணில் சுற்றினேன். உருண்டையை அமுக்கினேன். மீட்டரை எல்லாருக்கும் தெரிகிற மாதிரி தூக்கிப் பிடித்தேன்.

“பாத்துக்குங்க. தூணுக்கும் நூத்திருபது” என்றேன். “மெஷின் செத்தது. நான் நர்ஸ் இல்ல. இத நம்பி யாரும் மாத்திரைய நிப்பாட்டிடாதீங்க.”

எல்லாரும் கைதட்டினார்கள். தூணுக்கே பார்த்தாச்சு, இனி மேலே போய்ப் பேய்க்கும் பிரஷர் பார்த்துவிட வேண்டியதுதான் என்று வேலுசாமி வெளியே நின்று குரல் கொடுத்தான். பாவம், அவன் இதையும் காளிதாஸ் சொல்லிக் கொடுத்தது என்று நினைத்துவிட்டான். கூட்டம் விழுந்து விழுந்து சிரித்தது. ஷிஹாப் முதலாளி தொடையில் தட்டிக்கொண்டு சிரித்தார். காளிதாஸ் மட்டும் சிரிக்கவில்லை. மைக்கைப் பிடித்தபடி என்னையே பார்த்துக்கொண்டு நின்றான்.

எனக்கு ஆத்திரம் ஆத்திரமாக வந்தது. அவர்கள் மேல் இல்லை. மூன்று வாரமாக நான் உட்கார்ந்திருந்த கதிரை மேல், அந்தக் கோட்டு மேல். உட்கார்ந்து ஒரு புது அட்டையை எடுத்தேன். பெயர் என்ற இடத்தில் ‘தூண்’ என்று எழுதினேன். பிரஷர் 120/80. தேதி போட்டேன். முத்திரையைக் குத்தினேன். மருதாயி கையில் கொடுத்தேன்.

அவள் சிரித்தபடிதான் வாங்கினாள். படித்தாள். அப்புறம் பையை அவிழ்த்துத் தன்னுடைய மூன்று அட்டைகளையும் எடுத்து, மேசை மேல் வரிசையாக வைத்தாள். நான்காவதாகத் தூணின் அட்டையை வைத்தாள். ஒரே கையெழுத்து, ஒரே எண், ஒரே முத்திரை. விரலை ஒவ்வொன்றின் மேலும் வைத்துப் பார்த்துக்கொண்டு போனாள். அவள் முகத்தில் சிரிப்பு எப்போது போனது என்று நான் பார்க்கவில்லை. நிமிர்ந்தபோது அது இல்லை.

“அப்ப என்னோடது எவ்வளவு?” என்று கேட்டாள்.

“தெரியாது மருதாயி” என்றேன். “எனக்குத் தெரியாது.”

வரிசையில் நின்ற பெண்கள் தங்கள் அட்டைகளை எடுத்துப் பார்க்க ஆரம்பித்தார்கள். ஒருத்தி மற்றவளுடையதை வாங்கிப் பார்த்தாள். கைதட்டல் அங்கிருந்து பின்பக்கமாக மெதுவாக ஓய்ந்தது. காளிதாஸ் மைக்கை அணைத்து மேசை மேல் வைத்துவிட்டு, வானுக்குப் போய், அதில் கிடந்த மிச்சக் கயிறுகளையும் ரப்பர் சீட்டுகளையும் இழுத்து வெளியே போட்டான். வேலுசாமிக்கு அப்போதுதான் விஷயம் உறைத்தது.

மருதாயியை ஏற்றிக்கொண்டு புறப்பட்டோம். அவசரத்தில் சிவப்பு விளக்கை அணைக்க மறந்துவிட்டோம். மூன்று வாரமாகப் பஜாரில் சும்மா சுற்றிச் சுற்றி விளம்பரம் செய்த வான் அது. அதில் நிஜமாக ஒரு நோயாளி போகிறாள் என்று யாருக்குத் தெரியும். கடை வாசலில் நின்றவர்கள் சிரித்துக் கையாட்டினார்கள். முன்னால் போன திரீவீல்காரன் வேண்டுமென்றே மெதுவாக ஓட்டி வேடிக்கை காட்டினான். வேலுசாமி ஹோர்னை அமுக்கிப் பிடித்துக்கொண்டு சிங்களத்தில் கத்தினான். யாரும் வழி விடவில்லை. மருதாயி என் கையைப் பிடித்துக்கொண்டு தலையைக் குனிந்திருந்தாள். அவள் ஒரு வார்த்தை ஏசியிருந்தால்கூட எனக்கு ஆறுதலாக இருந்திருக்கும்.

அரசாங்க ஆஸ்பத்திரி வாசலில் நின்றவர்கள் என்னைப் பார்த்ததும் விலகி வழி விட்டார்கள். ஏன் என்று உள்ளே போன பிறகுதான் புரிந்தது. கோட்டு இன்னும் என் மேல்தான் இருந்தது. நர்ஸ் இளம் சிங்களப் பெண். மருதாயியின் கையில் பட்டியைச் சுற்றினாள். மெஷினில் எண்கள் ஏறின. நிற்குமென்று பார்த்தேன், நிற்கவில்லை. அவள் மறு கையிலும் சுற்றிப் பார்த்துவிட்டு டொக்டரைக் கூப்பிட்டாள். இருநூற்றுப் பதினான்கு. உடனே கட்டிலில் படுக்க வைத்தார்கள். இன்னும் இரண்டு நாள் போயிருந்தால் என்று ஆரம்பித்த டொக்டர், மருதாயியின் முகத்தைப் பார்த்து அதை முடிக்கவில்லை.

நான் வேலுசாமியைத் திருப்பி அனுப்பினேன். அட்டை வைத்திருப்பவர்கள் யாரானாலும் ஏற்றிக்கொண்டு வா, மாத்திரையை நிறுத்தினவர்களை முதலில் ஏற்று என்றேன். அவன் போன கொஞ்ச நேரத்தில் காளிதாஸ் எனக்குப் போன் எடுத்தான். மருதாயி எப்படி என்று கேட்டான், சொன்னேன். பிறகு, ஷிஹாப் முதலாளிக்கு அந்தத் தூண் ரொம்பப் பிடித்துவிட்டதாம், எம்பிலிப்பிட்டியவில் ஒவ்வொரு காட்சியிலும் அதைச் செய்யச் சொல்கிறாராம் என்றான். நீ என்ன சொன்னாய் என்று கேட்டேன். ஒன்றும் சொல்லவில்லை அக்கா என்றான். நான் போனை வைத்தேன்.

வான் திரும்பி வந்தபோது ஏழு பெண்கள் இறங்கினார்கள். எல்லாரும் நல்ல சேலையில் இருந்தார்கள், படம் பார்க்க வந்தவர்கள் அல்லவா. மருதாயியின் கட்டிலுக்குப் பக்கத்து வராந்தாவில் வரிசையாக நின்றார்கள். நர்ஸ் முதலில் நின்றவளிடம் கிளினிக் புத்தகத்தைக் கேட்டாள். அவள் பேய்முகம் போட்ட அட்டையை நீட்டினாள். நர்ஸ் அதைத் திருப்பிப் பார்த்தாள். அடுத்தவளுடையதை வாங்கினாள். அதற்கடுத்ததையும் வாங்கினாள். மருதாயியின் தலையணைப் பக்கத்தில் கிடந்த நான்கையும் எடுத்தாள். கடைசியாகத் தூணின் அட்டையை வெளிச்சத்தில் பிடித்து, அங்கே நின்ற அட்டெண்டனிடம் தமிழ்ப் பெயரை வாசிக்கச் சொன்னாள். அவர் வாசித்துச் சிங்களத்திலும் சொன்னார்.

இதையெல்லாம் யார் எழுதினது என்று நர்ஸ் சிங்களத்தில் கேட்டாள். ஏழு பேரும் தரையைப் பார்த்தார்கள். ஒருத்திகூட என் பக்கம் திரும்பவில்லை. என்னைக் காட்டிக்கொடுக்கக்கூடாது என்று அவர்கள் நின்ற அந்த நிலையை என்னால் தாங்க முடியவில்லை.

“மம” என்றேன். நான் என்று.

நர்ஸ் என்னை மேலிருந்து கீழ் வரை பார்த்தாள். கோட்டைப் பார்த்தாள். நீங்க எந்த ஆஸ்பத்திரி மிஸ் என்று கேட்டாள். இருபத்தாறு வருடம் சிங்களம் பேசின எனக்கு ஒரு சொல்லும் வரவில்லை. கட்டிலில் இருந்து மருதாயிதான் தலையைத் தூக்கிப் பார்த்து, பாதிச் சிங்களமும் பாதித் தமிழுமாகச் சொன்னாள்.

“அவங்க மிஸ்ஸி இல்ல. எங்க தோட்டத்துப் புள்ளக்காம்பரா ஆயாம்மா. எம் புள்ளைங்க ரெண்டையும் வளத்தவங்க.”

நான் கோட்டின் பொத்தான்களை ஒவ்வொன்றாக அவிழ்த்தேன். மேல் பொத்தான், அன்றைக்கு அலறல் கேட்காமலே, ஏற்கெனவே அவிழ்ந்துதான் இருந்தது.